3000 பக்க அறிக்கை வந்த பிறகும் தூத்துக்குடி துப்பாக்கிச் சூட்டுக்கு யார் பொறுப்பு என்று ஏன் முடிவாகவில்லை?

உப்பளத்தான்

வணக்கம். நான் தூத்துக்குடிக்காரன். உப்பு லாரிகளுக்கு லோடு புக் செய்யும் ஓர் ஆபீஸில் கணக்கு எழுதுகிறேன். மகள் சட்டக் கல்லூரியில் முதலாண்டு படிக்கிறாள். இந்த மே 22 அன்று ராத்திரி சாப்பிட உட்கார்ந்தபோது அவள் ஒன்று கேட்டாள். எனக்குப் பதில் தெரியவில்லை. இரண்டு நாளாக அதே நினைப்பாக இருப்பதால் இங்கே கேட்கிறேன்.

2018இல் அவளுக்கு 11 வயது. ஸ்டெர்லைட் ஆலையை மூடச் சொல்லி நடந்த போராட்டத்தின் நூறாவது நாள் அது. பனிமய மாதா கோவில் பக்கம் இருந்து கிளம்பிய கூட்டம் கலெக்டர் ஆபீஸை நோக்கிப் போனது. நான் ஷட்டரைப் பாதி இறக்கிவிட்டு வாசலில் நின்று பார்த்துக்கொண்டிருந்தேன். பிள்ளைகளைக் கையில் பிடித்துக்கொண்டு பெண்கள் போனார்கள். சாப்பாட்டுத் தூக்கு, தண்ணீர் பாட்டில் எல்லாம் எடுத்துப் போனார்கள். மனு கொடுத்துவிட்டு சாயங்காலம் வீடு திரும்பிவிடலாம் என்று போகிறவர்கள் போகிற மாதிரிதான் இருந்தது. மதியத்துக்கு மேல் ஆம்புலன்ஸ் சத்தம் ஓயவில்லை. மறுநாள் அண்ணா நகரிலும் சுட்டார்கள். மொத்தம் 13 உயிர். இன்டர்நெட்டும் நின்றுபோனதால் யாருக்கு என்ன ஆனது என்று விசாரிக்க வீடு வீடாக நடந்தோம். மகளும் என் கையைப் பிடித்துக்கொண்டு கூடவே வந்தாள்.

நீதிபதி அருணா ஜெகதீசன் ஆணையம் நாலு வருடம் விசாரித்தது. ஆயிரத்துக்கும் மேற்பட்ட சாட்சிகள். 2022 மே மாதம் அறிக்கை கொடுத்தார்கள், அக்டோபரில் சட்டமன்றத்தில் வைத்தார்கள். சுட வேண்டிய அளவுக்குக் கூட்டத்திடம் இருந்து எந்தத் தூண்டுதலும் இல்லை என்று அதில் இருக்கிறது. 17 போலீஸார், அன்றைய கலெக்டர், மூன்று துணை தாசில்தார்கள் மீது நடவடிக்கை எடுக்கவும் பரிந்துரைத்தார்கள்.

மகள் கேட்டது இதுதான்: "அப்பா, அரசாங்கமே வைத்த அறிக்கை இப்படிச் சொல்லுதே, அப்படியானால் கொலை வழக்கு எங்கே? தீர்ப்பு எங்கே?" இது வரைக்கும் எந்த நீதிமன்றமும் இதில் ஒருவரையும் தண்டிக்கவில்லை. அது எப்படி என்று அவள் கேட்கிறாள். நான் படித்தது பி.காம். விவரம் தெரிந்தவர்கள் கொஞ்சம் பொறுமையாக விளக்குங்கள். அவளும் இதைப் படிப்பாள்.

தென்காசி ராஜா

அண்ணாச்சி, தூத்துக்குடியில் நடந்தது தப்புதான், அதில் எனக்கு வேறு கருத்து இல்லை. ஆனால் அதை வைத்துக்கொண்டு போலீஸ் எப்போது சுட்டாலும் தப்பு என்று பேசுவதை என்னால் ஏற்க முடியவில்லை. 2019 டிசம்பரில் ஹைதராபாத்தில் ஒரு பெண் டாக்டரைச் சீரழித்துக் கொன்றதாகப் பிடித்த நாலு பேரைப் போலீஸ் சுட்டபோது ஜனங்கள் பூத் தூவினார்கள். எனக்கும் தங்கச்சி இருக்கிறாள், அன்றைக்கு எனக்கும் மனம் ஆறியது. கோர்ட்டுக்குப் போனால் பத்து வருடம் இழுக்கும். போலீஸ் கையைக் கட்டிப்போட்டால் ரவுடிதான் சந்தோஷப்படுவான். இரண்டையும் பிரித்துப் பேச வேண்டும் என்பது என் கருத்து.

ஓய்வு எஸ்.எஸ்.ஐ.

உப்பளத்தான் அண்ணாச்சி, நான் ஆயுதப்படையில் காவலராகச் சேர்ந்து 33 வருடம் கழித்து சிறப்பு எஸ்.ஐ.யாக வெளியே வந்தவன். தூத்துக்குடிச் சம்பவத்துக்கு முந்தைய வருடமே ஓய்வு பெற்றுவிட்டேன். அன்றைக்கு டி.வி.யில் அந்தக் காட்சிகள் ஓடும்போது, என்னோடு கவாத்து போட்ட பையன் எவனாவது அதில் நிற்கிறானா என்று ஒவ்வொரு முகமாகப் பார்த்துக்கொண்டிருந்தேன். அந்த ராத்திரி எனக்குத் தூக்கம் இல்லை.

உங்கள் மகள் கேட்டதற்குச் சட்டப்படியான பதிலை வக்கீல்கள் சொல்லட்டும். நான் தோட்டாக் கணக்கில் இருந்து சொல்கிறேன். நீங்களும் கணக்கு எழுதுகிறவர், உங்களுக்குச் சட்டென்று புரியும்.

ஒரு வருடம் எங்களுக்குத் துப்பாக்கி சுடும் பயிற்சி. முடிந்த பிறகு காலித் தோட்டாக்களை எண்ணினால் ஒன்று குறைந்தது. ஒரே ஒன்று. சுட்டவர்கள் அறுபது பேர் இருப்போம். ஒருவரையும் வண்டியில் ஏறவிடவில்லை. வரிசையாக மண்டி போட்டு, மண்ணைக் கையால் துழாவிக்கொண்டே மைதானம் முழுக்க ஊர்ந்தோம். வெயில் இறங்கி, முகம் தெரியாமல் இருட்டும் நேரத்தில் ஓர் உடைமரத்தின் தூரில் மண்ணுக்குள் பாதி புதைந்து கிடந்தது. அதை எடுத்துக் கொடுத்த பிறகுதான் எல்லாரும் தண்ணீர் குடித்தோம். அது வெறும் பித்தளைக் கூடு. அதனால் ஓர் எறும்பைக்கூடக் கொல்ல முடியாது. இருந்தாலும் அரசாங்கச் சொத்து, கணக்கு இடித்தால் ஒருவனுக்கு மெமோ நிச்சயம்.

பந்தோபஸ்துக்கு ஆயுதம் வாங்கும்போதும் அதே ஒழுங்குதான். எந்த எண் துப்பாக்கி, எத்தனை ரவுண்டு, யார் வாங்கினார், எத்தனை மணிக்கு வாங்கினார் என்று எழுதிக் கையெழுத்துப் போட்டுத்தான் வெளியே எடுக்க முடியும். திரும்ப வைக்கும்போது மறுபடி எண்ணுவார்கள். ஆகவே, யாருடைய துப்பாக்கியில் இருந்து எத்தனை குண்டு போனது என்பது நாலு வருடம் தேட வேண்டிய ரகசியம் கிடையாது. அன்று சாயங்காலம் துப்பாக்கிகள் உள்ளே வரும்போதே அது காகிதத்தில் ஏறியிருக்க வேண்டும்.

கலவரம் அடக்கும் கவாத்து என்று ஒன்று உண்டு. அதை வருடா வருடம் போடுவோம். முதலில் மெகாபோனில் எச்சரிக்கை. கலைந்து போகாவிட்டால் சுடப்படுவீர்கள் என்று எழுதிய பேனரைக் கூட்டத்துக்குத் தெரிகிற மாதிரி விரிப்பார்கள். அப்புறம் கண்ணீர்ப்புகை, அப்புறம் தடியடி. எதற்கும் அடங்காமல், உயிருக்கு ஆபத்து என்று வந்தால் மட்டும் துப்பாக்கி. அப்போதும் தலைக்கு மேலே வானத்தைப் பார்த்துச் சுடக் கூடாது, ஏனென்றால் அது எங்கோ மாடியில் நிற்கிற ஒருத்தர் மேல் போய் விழும். தாழ்வாக, காலைக் குறிவைத்து, முன்னால் நின்று ஆபத்து செய்கிறவனை மட்டும் சுட வேண்டும். இன்ன ஆள் இத்தனை ரவுண்டுதான் சுட வேண்டும் என்று உத்தரவில் இருக்கும். கூட்டம் கலைய ஆரம்பித்த நிமிடமே நிறுத்த வேண்டும். இதை ஒரு நாளும் மறக்காத மாதிரி எங்களுக்குச் சொல்லிக் கொடுத்தார்கள்.

இப்போது ஆணைய அறிக்கையை இதற்குப் பக்கத்தில் வைத்துப் பாருங்கள். கலெக்டர் ஆபீஸ் வளாகத்தில் மறைவில் நின்றபடி, ஓடிக்கொண்டிருந்தவர்களைச் சுட்டிருக்கிறார்கள். பலருக்குக் குண்டு பின்பக்கமாகப் பாய்ந்திருக்கிறது. தலையிலும் நெஞ்சிலும் பட்டிருக்கிறது. ஒரே காவலர் வெவ்வேறு இடங்களில் மொத்தம் 17 ரவுண்டு சுட்டிருக்கிறார். திரேஸ்புரத்தில் ஒரு பெண் செத்தார், அது கலெக்டர் ஆபீஸில் இருந்து எவ்வளவு தூரம் என்று உங்களுக்கே தெரியும். எஸ்.எல்.ஆர். என்பது ராணுவத்துக்காகச் செய்த 7.62 துப்பாக்கி. ஒருவரைத் துளைத்துப் பின்னால் நிற்கிறவரையும் துளைக்கும் குண்டு அது. அதை எடுத்துக்கொண்டு சொந்த ஊர்ச் சனங்களுக்கு எதிரே போய் நின்றதையே நான் தப்பு என்பேன். இவ்வளவுக்கும் உளவுப்பிரிவு முன்கூட்டியே எச்சரித்திருந்தது, மேலே உள்ளவர்கள் அதைக் கண்டுகொள்ளவில்லை என்பதையும் ஆணையம் எழுதியிருக்கிறது.

நான் காவலர்களைக் காப்பாற்றுவதற்காக இதை எழுதவில்லை. ஓடுகிறவன் முதுகில் சுட்டவனுக்குத் தான் என்ன செய்கிறோம் என்று தெரியும். ஆனால் அறிக்கை சட்டமன்றத்துக்கு வந்த கையோடு சஸ்பெண்ட் ஆனவர்கள் யார் தெரியுமா? ஓர் இன்ஸ்பெக்டர், மூன்று காவலர்கள். அறிக்கையில் ஐ.ஜி.யும் டி.ஐ.ஜி.யும் எஸ்.பி.யும் இருக்கிறார்கள். கலெக்டர் அன்றைக்கு ஊரில் இல்லாமல் கோவில்பட்டியில் இருந்தார், பொறுப்பைக் கைகழுவினார் என்று இருக்கிறது. சஸ்பெண்ட் ஆன காவலருக்குப் பாதிச் சம்பளம், வீட்டு லோன், பிள்ளை ஸ்கூல் பீஸ். மேலே இருந்தவர்களுக்கு இடமாற்றமும் அடுத்த பதவியும்.

எங்கள் துறையில் "நடவடிக்கை" என்ற ஒரே வார்த்தைக்குள் எத்தனையோ இருக்கின்றன அண்ணாச்சி. ஆயுதப்படைக்கு மாற்றினாலும் நடவடிக்கை. காத்திருப்போர் பட்டியலில் வைத்தாலும் நடவடிக்கை. 3-பி சார்ஜ், அதாவது துறைக்குள்ளேயே ஒரு குற்றச்சாட்டு கொடுத்து இன்கிரிமென்ட்டை நிறுத்தினாலும் நடவடிக்கை. ஆர்.டி.ஓ. (வருவாய்க் கோட்டாட்சியர்) விசாரணை வைத்தாலும் நடவடிக்கை. பேப்பரில் "கடும் நடவடிக்கை" என்று வரும்போது ஜனங்கள் ஜெயில் என்று நினைத்துக்கொள்கிறார்கள். இன்கிரிமென்ட் போனவன் மூன்று வருடத்தில் மறந்துவிடுவான். நான் பார்த்திருக்கிறேன்.

மதுரை வக்கீல்

எஸ்.எஸ்.ஐ. ஐயா எழுதியதை இரண்டு தடவை படித்தேன். குறுக்கு விசாரணையில் நாங்கள் இழுத்து இழுத்து வெளியே எடுப்பதை அவர் தானாகவே எழுதிவிட்டார்.

உப்பளத்தான் ஐயா, உங்கள் மகளுக்கு முதலில் இதைச் சொல்லுங்கள்: விசாரணை ஆணையம் நீதிமன்றம் கிடையாது. 1952ஆம் ஆண்டு விசாரணை ஆணையச் சட்டத்தின்படி அது சாட்சிகளை அழைக்கலாம், ஆவணங்களைக் கேட்டு வாங்கலாம். ஆனால் அது சொல்வது அரசாங்கத்துக்கு ஆலோசனை மட்டுமே. ஆறு மாதத்துக்குள் அறிக்கையைச் சட்டமன்றத்தில் வைத்து, என்ன நடவடிக்கை எடுத்தோம் என்ற குறிப்பையும் கூட வைக்க வேண்டும். அங்கே அரசின் கடமை முடிகிறது. அது மட்டுமில்லை, அதே சட்டத்தின் 6ஆவது பிரிவைப் படிக்கச் சொல்லுங்கள். ஆணையத்தின் முன்னால் ஒரு அதிகாரி சொன்ன வாக்குமூலத்தை, பிறகு அவர் மீது வரும் குற்ற வழக்கில் அவருக்கு எதிராகப் பயன்படுத்த முடியாது. பொய்சாட்சி வழக்குக்கு மட்டும் விதிவிலக்கு. ஆகவே ஆயிரம் சாட்சி, 3000 பக்கம் என்பதெல்லாம் ஒரு குற்றப்பத்திரிகையின் முதல் பக்கத்துக்குக்கூட நேரடியாக ஏறாது. எல்லாவற்றையும் புலனாய்வு அமைப்பு முதலில் இருந்து மறுபடி சேகரிக்க வேண்டும். இந்த வழக்கை உயர் நீதிமன்றத்தின் மதுரைக் கிளை 2018 ஆகஸ்டிலேயே சிபிஐக்கு மாற்றியது. ஆணையம் ஒரு பாதையிலும் சிபிஐ வேறு பாதையிலும் போயின. ஜனங்கள் ஆணையத்தைப் பார்த்துக்கொண்டிருந்தார்கள். வழக்கின் தலையெழுத்து மற்றதில் இருந்தது.

அடுத்தது அனுமதி. கூட்டத்தைக் கலைக்கும்போது செய்த காரியத்துக்காகப் போலீஸ் மீது வழக்குத் தொடர அரசின் முன் அனுமதி வேண்டும் என்று பழைய குற்றவியல் நடைமுறைச் சட்டத்தில் 132ஆவது பிரிவு இருந்தது. பொதுவாக அரசு ஊழியர்களுக்கு 197. 2024 ஜூலையில் வந்த புதிய சட்டமான நாகரிக் சுரக்ஷா சன்ஹிதாவில் இவை 151, 218 என்று எண் மாறியிருக்கின்றன. 218இல் ஒரு நல்லதும் சேர்ந்திருக்கிறது. அனுமதி கேட்டு 120 நாளில் அரசு முடிவு சொல்லாவிட்டால், அனுமதி கொடுத்ததாகவே கருதப்படும். 2018இல் நடந்த சம்பவத்துக்கு இது உதவுமா என்பது வாதாட வேண்டிய விஷயம். இனி வருகிறவற்றுக்காவது ஒரு கெடு இருக்கிறது.

உத்தரவுப்படி சுட்டேன் என்பது தப்பிக்க வழியா என்று உங்கள் மகள் அடுத்துக் கேட்பாள். பழைய தண்டனைச் சட்டம் 76ஆவது பிரிவின் கீழே ஓர் உதாரணம் இருக்கிறது, புதிய நியாய சன்ஹிதாவில் 14ஆவது பிரிவு. மேலதிகாரியின் உத்தரவுப்படி ஒரு சிப்பாய் கூட்டத்தை நோக்கிச் சுடுகிறான், அது குற்றம் ஆகாது என்கிறது. ஆனால் அந்த வாக்கியத்துக்குள்ளேயே "சட்டத்தின் கட்டளைகளுக்கு இணங்க" என்று நிபந்தனை இருக்கிறது. ஓடுகிறவர்களைச் சுடச் சொல்வது சட்டத்தின் கட்டளை ஆகாது. வழக்கின் உயிர் அந்த மூன்று சொல்லில் இருக்கிறது. அதை நிரூபிக்க, யார் சொன்னார், எப்போது சொன்னார், சொல்லும்போது கூட்டம் எந்தப் பக்கம் ஓடிக்கொண்டிருந்தது என்பது வேண்டும். எஸ்.எஸ்.ஐ. ஐயா சொன்ன காகிதம் இல்லையென்றால் அது நடக்காது.

நம்பிக்கை இல்லாமல் முடிக்க எனக்கு மனம் வரவில்லை, ஏனென்றால் வாச்சாத்தி இருக்கிறது. 1992 ஜூன் 20, தருமபுரி மாவட்டம். சந்தனக்கட்டை தேடுகிறோம் என்று ஒரு மலைவாழ் கிராமத்துக்குள் புகுந்து 18 பெண்களைப் பாலியல் வன்கொடுமை செய்து, ஊரையே சூறையாடினார்கள். வனத்துறை, போலீஸ், வருவாய்த்துறை என்று 269 பேர் மீது வழக்கு. ஐ.எஃப்.எஸ். (இந்திய வனப் பணி) அதிகாரிகள் நாலு பேரும் அதில் உண்டு. 2011 செப்டம்பரில் தருமபுரி நீதிமன்றம் தீர்ப்புச் சொன்னபோது 54 பேர் இறந்துபோயிருந்தார்கள். உயிரோடு இருந்த 215 பேரும் குற்றவாளிகள். 2023இல் உயர் நீதிமன்றம் அதை உறுதி செய்தது. அங்கே துப்பாக்கிச் சூடு இல்லை, தற்காப்பு என்ற வாதத்துக்கும் இடம் இல்லை, அந்த வேறுபாட்டை நான் மறைக்கவில்லை. ஆனால் அங்கே வென்று கொடுத்தது ஆணையம் அல்ல. சிபிஐ வழக்கு, அப்புறம் 30 வருடம் சாட்சி மாறாமல் நின்ற அந்தப் பெண்கள். உங்கள் மகள் ஒரு தீர்ப்பைத்தான் முழுதாகப் படிக்க முடியும் என்றால் அதைப் படிக்கச் சொல்லுங்கள்.

இன்னொன்று. போலீஸ் மீதான புகார்களைக் கவனிக்க ஓய்வு பெற்ற நீதிபதி தலைமையில் தனி ஆணையம் வேண்டும் என்று பிரகாஷ் சிங் வழக்கில் 2006இலேயே உச்ச நீதிமன்றம் சொல்லிவிட்டது. தமிழ்நாடு 2013இல் போட்ட சட்டத்தில் அந்தத் தலைமை உள்துறைச் செயலாளருக்குப் போனது. போலீஸ் யாருக்குக் கீழே இருக்கிறதோ அவரே புகாரையும் கேட்பார் என்றால், புகார் கொடுக்க யார் போவார்கள்?

காவலர் குடியிருப்பு

நான் எப்போதும் படித்துவிட்டுப் போகிறவள், இன்றைக்குத்தான் எழுதுகிறேன். என் வீட்டுக்காரர் சிறப்புக் காவல் பட்டாலியனில் காவலர். தூத்துக்குடி விஷயத்தில் அவர் இல்லை.

செத்தவர்களுக்காக நானும் அழுதிருக்கிறேன். 17 வயதுப் பிள்ளை ஒன்று அதில் செத்தது, அந்தப் படத்தை இன்னும் என்னால் பார்க்க முடியாது. ஆனால் நீங்கள் எல்லோரும் எழுதுவதைப் படிக்கும்போது எனக்குப் பயமாகவும் இருக்கிறது. போன மாதம் ஒரு திருவிழா பந்தோபஸ்துக்குப் போனவர் இரண்டு ராத்திரி தூங்காமல் நின்றுவிட்டு வந்தார். மூன்றாவது நாள் ஒரு கல்லெறித் தகராறு. ஹெல்மெட்டின் பட்டை அறுந்ததை முடிச்சுப் போட்டுத்தான் மாட்டியிருந்தார். நெற்றியில் நாலு தையல். அப்படி நிற்கிற ஆளிடம் ஒருவர் துப்பாக்கியைக் கொடுத்து "சுடு" என்று கத்தினால், அந்த நிமிடத்தில் அவர் 76ஆவது பிரிவையா யோசிப்பார்? சுடாவிட்டால் கட்டளையை மீறியவர். சுட்டால் கொலைகாரர். சொன்னவர் ஜீப்பில் ஏறிப் போய்விடுவார்.

போலீஸைத் தண்டிக்க வேண்டாம் என்று நான் சொல்லவில்லை ஐயா. என் வீட்டுக்காரர் மாதிரி ஆட்கள் மட்டும் மாட்டிக்கொண்டு மற்றவர்கள் தப்புவதற்கு இன்னொரு வழியாக இது ஆகிவிடக் கூடாது. அந்த நாலு பேர் சஸ்பெண்ட் ஆன செய்தி வந்த அன்று எங்கள் லைனில் அடுப்பே எரியவில்லை என்று சொல்லலாம், அவ்வளவு மௌனம்.

தென்காசி ராஜா

அக்கா சொல்வது சரி. அதனால்தான் போலீஸுக்குப் பாதுகாப்பு வேண்டும் என்கிறேன்.

ஓய்வு எஸ்.எஸ்.ஐ.

ராஜா தம்பி, ஹைதராபாத் பற்றி நீ எழுதியதற்கு முதலில் பதில் சொல்லிவிடுகிறேன். உன் தங்கச்சியை நினைத்து நீ பட்ட கோபம் எனக்குப் புரிகிறது, எனக்கும் பேத்தி இருக்கிறாள். அந்த நாலு பேர் செத்ததை விசாரிக்க உச்ச நீதிமன்றம் நீதிபதி சிர்புர்கர் தலைமையில் ஆணையம் போட்டது. துப்பாக்கியைப் பிடுங்கினார்கள், அதனால் சுட்டோம் என்று போலீஸ் சொன்னதை நம்ப முடியாது என்று 2022இல் அறிக்கை வந்தது. பத்து போலீஸார் மீது கொலை வழக்கு நடத்தச் சொன்னார்கள். செத்தவர்களில் மூன்று பேர் 18 வயது ஆகாதவர்கள் என்றும் அதில் இருந்தது. அவர்கள்தான் குற்றவாளிகளா என்று இனி எந்தக் கோர்ட்டும் சொல்ல முடியாது. ஒருவேளை உண்மையான ஆள் வேறு எங்கோ இருந்தால், உன் தங்கச்சிக்கு அதில் என்ன பாதுகாப்பு? பூத் தூவியவர்கள் வீட்டுக்குப் போய்விட்டார்கள்.

நீ இரண்டையும் பிரிக்கச் சொல்கிறாய். என்னால் பிரிக்க முடியவில்லை தம்பி. சர்வீஸில் நான் பார்த்தது வேறு. ஒரு என்கவுன்டருக்குப் பாராட்டு கிடைத்தால், சுட்ட பிறகு கதை எழுதிக்கொள்ளலாம் என்று அடுத்த தலைமுறைக்குப் பழகிவிடும். ரவுடியைச் சுட்டபோது யாரும் கணக்குக் கேட்கவில்லை என்றால், மனு கொடுக்க வந்தவரைச் சுடும்போதும் கணக்கு எழுதும் பழக்கம் கையில் இருக்காது. 2014இல் உச்ச நீதிமன்றம் என்கவுன்டர் சாவுகளுக்கு 16 விதி போட்டது. எஃப்.ஐ.ஆர். போட வேண்டும், வேறு ஸ்டேஷன் குழுவோ சிஐடியோ விசாரிக்க வேண்டும், சுட்டவர் ஆயுதத்தை ஒப்படைக்க வேண்டும், வீரம் சந்தேகமில்லாமல் நிரூபணமாகும் வரை உடனடிப் பதவி உயர்வும் பதக்கமும் கூடாது. அந்தக் கடைசி விதி எதற்கு என்று துறையில் இருந்த எல்லாருக்கும் தெரியும்.

இப்போது உனக்குத் தாயி. நீ எழுதியதைப் படித்துவிட்டுக் கொஞ்ச நேரம் வெளியே போய் உட்கார்ந்துவிட்டு வந்தேன். நீ சொன்ன ஒவ்வொன்றும் உண்மை. தூக்கம் இல்லாதவன் கையில் துப்பாக்கி கொடுப்பவனும் அந்தச் சாவில் பங்குதாரன்தான், அதையும் விசாரிக்க வேண்டும். யார் எத்தனை மணி நேரம் டூட்டியில் நின்றார் என்பது டூட்டி ரோஸ்டரில் இருக்கும், எந்த விசாரணையிலும் முதலில் கேட்க வேண்டிய காகிதம் அது.

ஆனால் ஒன்றைக் கவனி. கணக்கு இல்லாமல் போனால் அடிபடுவது உன் வீட்டுக்காரர்தான். துப்பாக்கி எண்ணுக்கு நேரே காவலர் கையெழுத்து எப்போதும் இருக்கும், உத்தரவு கொடுத்தவர் கையெழுத்து எங்கேயும் இருக்காது. அதனால்தான் விசாரணை கீழே வந்து நின்றுவிடுகிறது. மேலே ஏற அதற்குப் படிக்கட்டு இல்லை. சுடச் சொன்னவர் பெயர், நேரம், வார்த்தை இந்த மூன்றும் அன்றைக்கே எழுதப்பட்டால் படிக்கட்டு தானாக வந்துவிடும். கணக்குக் கேட்பது காவலருக்கு எதிரானது என்று எங்கள் சங்கத்து ஆட்களே பேசுகிறார்கள். எனக்கு அதில் உடன்பாடு இல்லை. நாங்கள் சர்வீஸில் இருந்தபோது இதைக் கேட்டு வாங்காமல் விட்டோம், எனக்கு அந்த வருத்தம் இருக்கிறது.

உப்பளத்தான்

எல்லாருக்கும் நன்றி. மகள் இதை ராத்திரி 12 மணி வரை படித்தாள். 6ஆவது பிரிவைத் தேடி எடுத்து எனக்கு வாசித்துக் காட்டினாள். தோட்டாக் கூட்டைத் தேடிய கதையை மட்டும் அவளுடைய அம்மாவைக் கூப்பிட்டு மறுபடி வாசித்தாள். எங்கள் ஆபீஸில் ஒரு மூட்டை உப்பு குறைந்தாலே லாரிக்காரரை நிறுத்தி எண்ணச் சொல்வேன். 13 பேருக்கு எழுதாத கணக்கு என்று அவள் சொன்னபோது எனக்கு வாய் வரவில்லை.

காவலர் குடியிருப்புச் சகோதரிக்கு: உங்கள் வீட்டுக்காரர் நெற்றித் தையல் ஆறிவிட்டதா? இந்த ஊரில் யாரும் காவலரை எதிரியாக நினைக்கவில்லைம்மா. என் பக்கத்து வீட்டுப் பையனும் போலீஸ்தான்.

காவலர் குடியிருப்பு

ஆறிவிட்டது அண்ணாச்சி, தையல் பிரித்தாச்சு.

எஸ்.எஸ்.ஐ. ஐயா, ஒன்றே ஒன்று கேட்கிறேன். உத்தரவு எழுத்தில் வராது, வாயால்தான் வரும், அதுவும் வயர்லெஸ்ஸில் இரைச்சலோடு. அடுத்த வாரம் அவருக்கு மறுபடி வெளியூர் பந்தோபஸ்து. அவரால் என்ன செய்ய முடியும்?

ஓய்வு எஸ்.எஸ்.ஐ.

சட்டைப் பையில் ஒரு சின்ன நோட்டும் பேனாவும் வைத்துக்கொள்ளச் சொல் தாயி. ஆயுதம் வாங்கும்போது துப்பாக்கி எண்ணையும் ரவுண்டு எண்ணிக்கையையும் அதிலும் எழுதிக்கொள்ளட்டும். ஏதாவது உத்தரவு வந்தால் "யார் சொல்கிறீர்கள் ஐயா" என்று நாலு பேர் காதில் விழுகிற மாதிரி சத்தமாகத் திருப்பிக் கேட்கட்டும், தப்பே இல்லை, இரைச்சலில் கேட்கவில்லை என்று சொல்லலாம். பெயர் சொல்லச் சங்கடப்படுகிற அதிகாரி பாதிப் பேர் அங்கேயே யோசிப்பார்கள். நான் ஒரு தடவை அப்படிக் கேட்டேன். ஐந்து நிமிடம் பதில் வரவில்லை, அதற்குள் கூட்டம் தானாகக் கலைந்தது. டூட்டி முடிந்து லாரியில் ஏறியதும், தூங்குவதற்கு முன்னால், நடந்ததை நேரத்தோடு எழுதிவிட வேண்டும்.

தனிச் செய்தியில் என் நம்பர் அனுப்பியிருக்கிறேன். இப்போது எழுப்பாதே, தூங்கட்டும். எழுந்து சாப்பிட்ட பிறகு என்னோடு பேசச் சொல்.